அந்தச் சமையல்காரி கொலை செய்யவில்லை

பொங்கல் கூட்டம் வடிந்த பிறகுதான் நான் அலங்காநல்லூருக்குப் போவேன். ஜல்லிக்கட்டு அன்றைக்குப் போனால் காளையையும் ஒழுங்காகப் பார்க்க முடியாது, மதினியையும் பார்க்க முடியாது. மதினி அங்கே முறுக்கு, சேவு, அதிரசம் போட்டு விற்கிறார். வாடிவாசல் திறக்கிற அன்று அவர் கடை முன்னால் கால் வைக்க இடம் இருக்காது. நான்கு நாள் கழித்துப் போனால் உட்கார ஒரு ஸ்டூல், ஒரு தட்டு உடைந்த முறுக்கு, கொஞ்சம் ஊர் வம்பு மூன்றும் கிடைக்கும்.

இந்த முறை வம்பு அமெரிக்காவிலிருந்து வந்திருந்தது.

மதினியின் மகள் மதுரையில் பி.ஏ. ஆங்கில இலக்கியம் படிக்கிறாள். வகுப்பில் ஷேக்ஸ்பியர். பஸ்ஸில் ஹானா ஸ்வென்சன். ஹானாவைத் தெரியாதவர்களுக்கு ஓர் அறிமுகம்: ஜோன் ஃப்ளூக் என்ற அமெரிக்கப் பெண் எழுத்தாளர் 2000-ல் ஆரம்பித்த துப்பறியும் நாவல் வரிசையின் நாயகி. மினசோட்டா மாநிலத்தில் லேக் ஈடன் என்று ஒரு கற்பனைச் சிற்றூர். அங்கே 'குக்கி ஜார்' என்று ஒரு பேக்கரி. ஹானா அதன் முதலாளி. முதல் நாவலில், பால் கொண்டுவந்து போடுகிற ஆள் அவள் கடைக்குப் பின்னாலேயே செத்துக் கிடக்கிறான். சுற்றிலும் அவள் சுட்ட பிஸ்கட்டுகள் சிதறிக் கிடக்கின்றன. அன்றைக்குத் துப்பறியக் கிளம்பியவள், இருபத்தைந்து புத்தகங்களைத் தாண்டியும் நிற்கவில்லை. கதைக்கு நடுவே அவள் சுடுகிற கேக், பிஸ்கட்டுகளின் செய்முறையும் அச்சாகியிருக்கும். ரத்தம் குறைவு, வெண்ணெய் அதிகம். இந்த ரகத்துக்கு அங்கே 'கோஸி' என்று பெயர். மழை நாளில் போர்வைக்குள் சுருண்டுகொண்டு படிக்கிற கொலைக்கதை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

மகள் ஒவ்வொரு புத்தகமாகக் கதை சொல்ல, அம்மா மாவு பிசைந்துகொண்டே கேட்டிருக்கிறார். கேட்டவர் சும்மா இருப்பாரா? என்னைப் பார்த்ததும் தீர்ப்பு வாசிக்க ஆரம்பித்துவிட்டார்.

"தம்பி, அது சின்ன ஊருங்கிறா இவ. அந்த ஊர்ல இம்புட்டுப் பொணம் விழுகுதுன்னா, அவ கடைக்கு எவன் வந்து பிஸ்கோத்து வாங்கித் திம்பான்? அவ போற எடமெல்லாம் ஒருத்தன் செத்துக் கெடக்கான். நானா இருந்தா அவளைத்தான் மொதல்ல புடிச்சு உள்ள வைப்பேன்."

"விடியக்காலம் எந்திரிச்சு அடுப்புப் பத்த வைக்கிறவ, பகல்ல எப்படி ஊர் சுத்துவா? கடையில வேற ஒரு புள்ள நின்னு யாவாரம் பாக்குதாம். அப்ப அந்தப் புள்ளைதான முதலாளி?"

"போலீஸ்காரன் ஒருத்தன், பல் டாக்டர் ஒருத்தன். ரெண்டு பேரையும் வருசக் கணக்கா வாசல்ல நிப்பாட்டி வச்சிருக்கா. கடைசில மூணாவதா ஒருத்தனைக் கட்டுனா, அவன் இவளை விட்டுட்டுப் போயிட்டானாம். பேசாம அந்தப் பல் டாக்டரையே கட்டியிருக்கலாம்ல?"

மகள் சிரித்தாள். "சித்தப்பா, அமெரிக்காக்காரங்களும் இதையேதான் சொல்லித் திட்டுறாங்க."

உண்மைதான். அந்த வரிசையின் வாசகர்கள் போலீஸ்காரர் மைக் கட்சி, பல் டாக்டர் நார்மன் கட்சி என்று இரண்டாகப் பிரிந்து பல வருடம் மல்லுக்கட்டினார்கள். 2016-ல் வந்த 'வெட்டிங் கேக் மர்டர்' நாவலில் ஹானா இரண்டு பேரையும் விட்டுவிட்டு ராஸ் என்ற மூன்றாவது ஆளைக் கல்யாணம் செய்துகொண்டதும் இரண்டு கட்சியும் ஒன்றாகச் சேர்ந்து எழுத்தாளரைத் திட்டின. சின்ன ஊரில் இத்தனை கொலையா என்ற மதினியின் சந்தேகத்துக்கு அங்கே பெயரே வைத்திருக்கிறார்கள். 1984 முதல் 1996 வரை ஓடிய 'மர்டர், ஷி ரோட்' டி.வி. தொடரில் கேபட் கோவ் என்ற குட்டி ஊரில் வாராவாரம் யாராவது செத்தார்கள். அந்த வியாதிக்கு 'கேபட் கோவ் சிண்ட்ரோம்' என்று பெயர்.

ஆக, மினசோட்டா வாசகியின் மூளையும் அலங்காநல்லூர் வாசகியின் மூளையும் ஒரே மாதிரிதான் வேலை செய்கிறது. அங்கே அந்த மூளையின் வேலைக்கு வாசகர் கருத்து என்று பெயர். இங்கே அதற்குப் பெயர் 'பொம்பளைங்க பொழுதுபோகாமப் பேசுறது'.

நான் மிகைப்படுத்துகிறேன் என்று நினைப்பவர்கள் மதினியின் கார்டு கதையைக் கேளுங்கள்.

முப்பது வருடத்துக்கு முன்னால், கல்யாணமாகி வந்த புதிதில் மதினி மாத நாவல் பைத்தியம். கடையில் கிளிப் போட்டுத் தொங்கவிட்டிருப்பார்களே, அந்த நாவல்கள். அட்டையில் பாதி உடையோடு ஒரு பெண் அலறிக்கொண்டிருப்பாள் என்பதால், அட்டையைக் கிழித்துப் போட்டுவிட்டுத்தான் வீட்டுக்குள் கொண்டுவருவாராம். அதில் ஒரு கதை. எஸ்டேட் பங்களா. பணக்காரப் பெரியவர். காலையில் புதிதாக ஒரு சமையல்காரி வேலைக்குச் சேருகிறாள். அன்று சாயங்காலம் பெரியவர் அதிரசம் சாப்பிட்டு வாயில் நுரை தள்ளிச் செத்துப் போகிறார். விஷம் வெல்லப் பாகிலேயே கலந்திருந்தது என்கிறது லேப் ரிப்போர்ட். 'நீதானே இன்று காலையில் மாவு இடித்து, பாகு காய்ச்சி, அதிரசம் சுட்டாய்?' என்று துப்பறியும் நிபுணர் மடக்குகிறார். சமையல்காரி அழுகிறாள். பழைய பகை ஒன்று வெளியே வருகிறது. கைது. முற்றும்.

மதினிக்கு அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை.

"அதிரசம் அன்னைக்கே இடிச்சு அன்னைக்கே சுடுறதா தம்பி? அரிசியை ஊறப் போட்டு, நெழல்ல ஒணத்தி, ஈரம் இருக்கையிலயே இடிக்கணும். பாகு தண்ணியில விட்டா உருட்ட வரணும். ஊத்திக் கிண்டி, மாவை மூடி வச்சு ஒரு நாளாச்சும் விடணும். அவசரப்பட்டு எண்ணெயில போட்டா பிரிஞ்சு போகும். அப்ப பாகு காச்சினது மொத நாளு. மொத நாளு அந்தச் சமையல்காரி வீட்டுக்குள்ளயே வரல. வீட்டுல இருந்தது யாரு? மருமக மட்டுந்தான்!"

இதைத்தான் ஒரு கார்டில் நுணுக்கி நுணுக்கி எழுதி, அந்த மாத நாவலின் முகவரிக்குப் போட்டிருக்கிறார். கடைசி வரியில், 'அந்தச் சமையல்காரி கொலை செய்யவில்லை, தயவுசெய்து அடுத்த இதழில் விடுதலை செய்யவும்' என்று எழுதினாராம்.

பதில் வரவில்லை. அடுத்த இதழின் வாசகர் கடிதப் பகுதியில் நான்கு கடிதங்கள். அட்டைப்படம் அருமை. கதை சூப்பர். திருப்பங்கள் நச். எழுத்தாளரின் பேனாவுக்குத் தங்க மோதிரம் போடலாம்.

வாசகர்களே, கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஒரு பெண் அடுப்படியில் நின்று கற்றுக்கொண்ட தொழில் அறிவை வைத்து, ஓர் எழுத்தாளரும் அவர் படைத்த நிபுணரும் சேர்ந்து கோட்டைவிட்ட கேஸை உடைத்திருக்கிறாள். அமெரிக்கர்கள் கற்பனையில் உருவாக்கிய பலகாரக்கடைத் துப்பறிவாளர் நிஜமாகவே அலங்காநல்லூரில் இருந்திருக்கிறார். நாம் அவர் கார்டை எடைக்குப் போட்டிருக்கிறோம்.

இதில் அந்தப் பத்திரிகையை மட்டும் குற்றம் சொல்ல மாட்டேன். குற்றவாளிக் கூண்டில் இடம் நிறைய இருக்கிறது.

முதலில் ஏறவேண்டியவர்கள் நம் இலக்கியவாதிகள். துப்பறியும் கதை என்றாலே 'குப்பை' என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடுவார்கள். எந்தக் கதை குப்பை, எதனால் குப்பை என்று கேட்டால், 'நான் அதெல்லாம் படிக்கிறதில்லை' என்பார்கள். படிக்காமல் தீர்ப்புச் சொல்கிற உரிமையை இவர்களுக்கு யார் கொடுத்தது? ஐந்நூறு மாத நாவல் படித்த ஒரு டெய்லருக்கு, எந்தப் பத்து உருப்படி, எது பக்கம் நிரப்பியது என்று தெரியும். ஒன்றுகூடப் படிக்காத விமர்சகருக்குத் தெரியாது. இந்த விஷயத்தில் டெய்லர்தான் விமர்சகர்.

நமக்கு இது நேற்று வந்த சரக்கும் இல்லை. ஆரணி குப்புசாமி முதலியார், வடுவூர் துரைசாமி ஐயங்கார், ஜே.ஆர். ரங்கராஜு என்று நூறு வருடத்துக்கு முன்பே தமிழன் கொலைகாரனைத் தேடிப் பக்கம் புரட்ட ஆரம்பித்துவிட்டான். தேவனின் சாம்பு, அசட்டு பாங்க் குமாஸ்தா, அதிர்ஷ்டத்தாலேயே கேஸ்களை முடித்தார். தமிழ்வாணனின் சங்கர்லால் டீ குடித்துக்கொண்டே முடித்தார். 1968-ல் 'நைலான் கயிறு' எழுதிய சுஜாதா, கணேஷ் - வசந்த் என்ற இரண்டு வக்கீல்களை நம் வீட்டுப் பிள்ளைகள் ஆக்கினார். ராஜேஷ்குமார் 1500 நாவல்களைத் தாண்டியவர். இங்கே மதுரையிலேயே இருந்தவர் இந்திரா சௌந்தர்ராஜன். அவருடைய 'விடாது கருப்பு' டி.வி.யில் வந்த நாட்களில், பலகாரம் சுடுவதை நிறுத்திவிட்டுப் பக்கத்து வீட்டுக்கு ஓடியவர்தான் நம் மதினி. 2024 நவம்பரில் இந்திரா சௌந்தர்ராஜன் மதுரையில் காலமானார். அன்றைக்கு மதினி எனக்குப் போன் செய்து, யாரோ சொந்தக்காரர் போன மாதிரி ஐந்து நிமிடம் பேசினார்.

2008-ல் சென்னையில் ப்ளாஃப்ட் என்ற பதிப்பகம், நம் மாத நாவல் எழுத்தாளர்களின் கதைகளை ஆங்கிலத்தில் தொகுத்துப் போட்டது. உடனே ஆங்கிலப் பத்திரிகைகள் கொண்டாடின. 'அட, நம்ம ஊரில் இப்படி ஒரு பொக்கிஷமா' என்று இங்கே சிலர் புருவத்தை உயர்த்தினார்கள். நாம் படித்ததை நாமே மதிப்பதற்கு அது ஆங்கிலத்தில் வரவேண்டியிருந்தது.

இரண்டாவதாகக் கூண்டில் ஏறவேண்டியவர்கள் நாம், வாசகர்கள். சினிமா என்றால் முதல் நாள் முதல் காட்சி முடிந்ததும் டீக்கடையில் நின்று லாஜிக் ஓட்டைகளை எண்ணுகிறோம். ஹீரோ எப்படி அங்கே வந்தான், துப்பாக்கி எங்கிருந்து வந்தது என்று சட்டையைப் பிடித்துக்கொள்கிறோம். புத்தகம் என்றால் மட்டும் 'சூப்பர் சார்'. எழுதுகிறவர் மனம் புண்பட்டுவிடுமாம். மதிப்புள்ள ஆளிடம்தான் கோபப்படுவோம். கோபமே வரவில்லை என்றால், நாமே அதை 'டைம் பாஸ்' என்று மனதுக்குள் ஒதுக்கிவிட்டோம் என்றுதான் அர்த்தம்.

வாசகர் கோபம் என்ன செய்யும் என்பதற்குப் பழைய உதாரணம் ஒன்று உண்டு. ஷெர்லாக் ஹோம்ஸ் போரடித்துப் போய், 1893-ல் அவரை அருவியில் தள்ளிச் சாகடித்தார் கானன் டாயில். வாசகர்கள் கொதித்து எழுந்து திட்டிக் கடிதம் எழுதினார்கள். பத்து வருடம் கழித்து, 1903-ல், 'அவர் சாகவில்லை' என்று டாயில் கதையை மாற்ற வேண்டியதாயிற்று. வாசகர் கருத்து ஒரு செத்த மனிதனை எழுப்பியது. நம்மிடம் ஓர் அப்பாவிச் சமையல்காரிக்கு ஜாமீன்கூடக் கிடைக்கவில்லை.

கருத்துச் சொல்ல நமக்குத் தெரியாதா? 2017 ஜனவரியில் இதே அலங்காநல்லூரில் ராத்திரி பகலாக உட்கார்ந்தவர்களின் குரல் மெரினா வரை போனது. அதே மாதத்தில் சட்டசபை சட்டத்தைத் திருத்தியது. மாட்டுக்காகச் சட்டத்தையே மாற்றவைத்த ஊரில், ஒரு வாசகி கேட்டால் கதையில் நான்கு வரியை மாற்ற மாட்டார்களா?

மூன்றாவது குற்றச்சாட்டு எழுத்தாளர்கள் மீது. மரியாதையோடுதான் வைக்கிறேன். இந்தக் கதைகளைப் படித்தவர்களில் எத்தனை பெண்கள் என்று உங்களுக்குத் தெரியாதா? ஆனால் உங்கள் கதைகளில் பெண்ணுக்கு என்ன வேலை? முதல் அத்தியாயத்தில் பிணம். இல்லையென்றால் துணை. பட்டுக்கோட்டை பிரபாகரின் பரத் - சுசீலா, சுபாவின் நரேந்திரன் - வைஜயந்தி, ராஜேஷ்குமாரின் விவேக் - ரூபலா. எனக்கும் எல்லோரையும் பிடிக்கும். ஆனால் பெண்ணின் பெயர் எப்போதும் கோட்டுக்கு அந்தப் பக்கம்தான். சுசீலா என்றதும் இன்றைக்கும் பலருக்கு அவள் டி-ஷர்ட் வாசகம்தான் ஞாபகம் வருகிறது, அவள் கண்டுபிடித்த ஒரு துப்பு ஞாபகம் வருவதில்லை. சொந்தக் கடை வைத்து, சொந்த மூளையால் துப்பறிகிற ஒரு நடுத்தர வயதுத் தமிழ்ப் பெண்ணின் பெயரைச் சட்டென்று சொல்லுங்கள் பார்ப்போம்.

அகதா கிறிஸ்டி 1930-லேயே மிஸ் மார்ப்பிளை ஒரு முழு நாவலில் நடமாடவிட்டார். ஸ்வெட்டர் பின்னுகிற கிராமத்துக் கிழவி. அவருக்கு கைரேகையும் தெரியாது, லேபும் தெரியாது. 'எங்கள் ஊரில் இப்படித்தான் ஒருத்தன் இருந்தான்' என்று ஆரம்பித்துக் கொலைகாரனைப் பிடித்துவிடுவார். நம் ஊர் அப்பத்தாக்களும் இட்லிக் கடை அக்காக்களும் தினமும் செய்கிற வேலைதானே இது? யார் வீட்டில் புதிதாக விருந்தாளி, யார் கடன் சொல்லிவிட்டு ரொக்கமாக நோட்டை நீட்டினார், எந்த வீட்டில் இரண்டு நாளாக ஒரு பொட்டலம் குறைவாக வாங்குகிறார்கள் என்பதெல்லாம் பலகாரக் கடைக்குத் தெரியும். போலீஸ் ஸ்டேஷனுக்குக் கடைசியில்தான் தெரியும். மதினிகளின் கார்டுகளை யாராவது ஒழுங்காகப் படித்திருந்தால், ஹானாவுக்கு முன்னாலேயே நமக்கு ஓர் அதிரசக் கடை அம்மா கிடைத்திருப்பார்.

'அந்த நாவல்களில் அத்தனையும் தங்கமா?' என்று ஒரு நண்பர் கேட்டார். இல்லை. மாதத்துக்கு நான்கைந்து கதை எழுதினால் அதிரச மாவு மாதிரிதான். ஊற வைக்க நேரம் கொடுக்காவிட்டால் எண்ணெயில் பிரியும். அதனால்தான் சொல்கிறேன், தப்பைச் சுட்டிக்காட்டுகிற வாசகர் அந்த எழுத்தாளருக்குத்தான் அதிகம் தேவைப்பட்டார். பாராட்டு மட்டுமே காதில் விழுந்தவருக்கு அடுத்த கதையில் எதைத் திருத்துவது என்று எப்படித் தெரியும்?

நஷ்டம் யாருக்கு? மதினி இருபது வருடமாக ஒரு மாத நாவலும் வாங்கவில்லை. முதலில் மெகா சீரியல், அப்புறம் செல்போன். 'வாசிக்கிற பழக்கம் போய்விட்டது' என்று மேடைக்கு மேடை அழுகிறோமே, போனவர்கள் யார் தெரியுமா? இந்த மதினிகள்தான். பஸ் கண்டக்டர்கள், மில் தொழிலாளிகள், எட்டாம் வகுப்போடு நிறுத்தப்பட்டு, மாத நாவலால் எழுத்து மறக்காமல் இருந்த பெண்கள். டி.வி.யும் போனும் இழுத்தது நிஜம்தான். ஆனால் நாம் அவர்களைப் பிடித்து நிறுத்த ஒரு விரலையும் அசைக்கவில்லையே. நீ படிப்பது குப்பை என்றோம். உன் கருத்து வம்பு என்றோம். அவர்கள் சத்தம் போடாமல் எழுந்து போய்விட்டார்கள்.

புலம்பி முடித்தாயிற்று. மூன்று காரியம் செய்யலாம்.

ஒன்று, பத்திரிகைகள் துப்பறியும் நாவலுக்கும் அரைப் பக்க விமர்சனம் ஒதுக்கட்டும். அதை டெய்லரும் மதினியும் எழுதட்டும். 'சூப்பர்' என்ற வார்த்தைக்குத் தடை. எங்கே இடிக்கிறது என்று எழுதுகிறவருக்குப் பரிசு.

இரண்டு, நம் வீட்டு வரியோடு நூலக வரியும் சேர்த்துத்தான் கட்டுகிறோம். மதுரையில் 2023 ஜூலை 15-ல் கலைஞர் நூற்றாண்டு நூலகம் பிரமாண்டமாகத் திறக்கப்பட்டது. அங்கேயும் ஊர்ப்புற நூலகங்களிலும் மாத நாவல்களுக்கென்று தனி அலமாரி வேண்டும். நூறு வருடத்துக்கு முந்தைய துப்பறியும் நாவல்களை இன்று சென்னையில் போய்ப் பார்க்க முடிகிறது என்றால், அதற்குக் கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் என்ற தனி மனிதரின் சேகரிப்புப் பைத்தியம்தான் முக்கியக் காரணம். எல்லா ஊரிலும் ஒரு ரோஜா முத்தையா பிறக்க மாட்டார்.

மூன்று, எழுத்தாளர்களே, லண்டனும் லேபும் போதும். ஒரு முறுக்குக் கடையில் ஒரு நாள் உட்கார்ந்து பாருங்கள். உங்களுக்கு ஆறு கொலைக்கான சரக்கு கிடைக்கும், அதிரசம் சுடும் முறையும் தெரிந்துவிடும்.

கிளம்பும்போது மதினி ஒரு பொட்டலம் கட்டிக் கொடுத்தார். நேற்றுப் பிசைந்து வைத்த மாவு, இன்று சுட்ட அதிரசம்.

"தம்பி, நீங்கதான் பத்திரிகையில எழுதுறீங்கள்ல. அந்தக் கதையை எழுதுனவர எங்கயாச்சும் பாத்தா சொல்லுங்க. முப்பது வருசமாச்சு. அந்தப் பொம்பள இன்னும் ஜெயில்லதான் இருக்கா."